கப்பல் திரும்பிய ஊர்

1

போன டிசம்பரில் முதல் சனிக்கிழமை. மதியம் மூன்று மணிக்கே வெளிச்சம் வடிய ஆரம்பித்துவிட்டது. ஜெர்மனியில் அந்த மாதம் சூரியன் அரைநாள் லீவு போட்டுவிடும், யாரும் கேட்க முடியாது. துவைத்த துணியை மடித்துக்கொண்டே தொலைக்காட்சியில் எதையோ தேடினேன். அந்தப் படம் கண்ணில் பட்டது. விண்வெளிப் படம், இரண்டாம் பாகம். பழைய பிலிமைச் சுத்தம் செய்து, கீறல்களை எடுத்து, தலைமுடி ஒவ்வொன்றும் தெரிகிற தெளிவில் மறுபடி வெளியிட்டிருக்கிறார்களாம். காஞ்சிபுரத்தில் தமிழ்க்குரலில் இதைப் பார்த்தபோது எனக்குப் பதினொரு வயது.

"அனு, இங்க வா. இது எங்க ஊருல நான் பாத்த படம்" என்றேன். என் மகளுக்குப் பதினேழு முடிந்துவிட்டது. அடுத்த வருடம் படிக்க வேறு ஊருக்குப் போகிறாள். வீட்டில் இருக்கிற வரைக்கும் சோபாவின் ஒரு மூலையில் போனோடு இருப்பாள். சாப்பாடு, தூக்கம், காய்ச்சல் இந்த மூன்றுக்கு மட்டும் தமிழ் பேசுவாள். மற்றதெல்லாம் ஜெர்மன்தான். அன்று என்ன தோன்றியதோ, போனைக் கவிழ்த்து வைத்துவிட்டுப் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. இன்னும் இரண்டு மணி நேரத்தில் அவளோடு சண்டை போடப்போகிறேன் என்று தெரியாது.

நான் மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை செய்கிறேன். இது தெளிவாக இருக்கிறதா, அது தெளிவாக இருக்கிறதா என்று நாள் முழுக்க வருகிறவர்களைக் கேட்பதுதான் பிழைப்பு. தெளிவு நல்லது என்று நம்பித்தான் கடை மாறி மாறி இருபது வருடம் ஓட்டிவிட்டேன். படம் ஓட ஓட அந்த நம்பிக்கை ஆட்டம் கண்டது. நாங்கள் வாய் பிளந்து பார்த்த விண்வெளி ஒரு கறுப்புத் துணி; துணியின் மடிப்பு தெரிகிறது. கப்பலின் இரும்புச் சுவரில் பிரஷ் இழுத்த கோடு தெரிகிறது. கேப்டனுக்கு விக். நெற்றியில் அது ஒட்டிய இடம்கூடத் தெரிகிறது. அட கண்றாவியே, இதற்கா அப்படி விசில் அடித்தோம்!

2

என் அண்ணன் ஏகாம்பரம் எங்கள் ஊர் டாக்கீஸில் ஆபரேட்டராக இருந்தார். என்னைவிடப் பதினான்கு வயது மூத்தவர். எங்கள் நெசவாளர் பேட்டையான பிள்ளையார்பாளையத்தில் பிறந்தவர்களுக்குத் தறியை விட்டால் வேறு போக்கிடம் இல்லை என்று இருந்த நாளில், தறிக்குழியில் உட்காராமல் தப்பித்துத் தியேட்டருக்கு ஓடிப்போனவர். தப்பித்தாலும் கை தப்பவில்லை. பட்டுத்தறியில் நீளவாட்டில் ஓடும் பாவு ஒன்று முடிந்ததும் அடுத்த பாவின் இழைகளைப் பழைய இழைகளோடு ஒவ்வொன்றாகப் பிணைக்கவேண்டும். ஆயிரக்கணக்கான இழை. பதின்மூன்று வயதிலேயே அண்ணன் அதில் கெட்டிக்காரராம், பிணைத்த இடத்தை விரலால் தடவினாலும் தெரியாது என்பாள் அம்மா. அந்தக் கையைத்தான் அவர் பிலிமில் வைத்தார்.

அந்தக் காலத்து ஆபரேட்டர் சும்மா படம் ஓட்டுகிறவர் இல்லை. ஆறரை மணிக்கு வாலாஜாபாத் பஸ் கிளம்பிவிடும். மேட்னி இழுத்தால் பாதி ஜனம் படத்தை விட்டு எழுந்து போய்விடும். அதனால் எட்டு நிமிடம் எங்கே வெட்டுவது என்று முடிவு செய்வது அண்ணன்தான். இரண்டாவது பாட்டு போகும், இல்லாவிட்டால் ஹீரோயினின் அப்பா போவார். படம் பெட்டிக்குள் திரும்பும்போது வெட்டியதையெல்லாம் ஒட்டி ஒழுங்காக அனுப்பிவிடுவார். ஒட்டிய இடத்துக்கு அவர்கள் பாஷையில் ஜாயிண்ட் என்று பெயர். ஜாயிண்ட் மெஷினைக் கடக்கும்போது 'டக்' என்று ஒரு சத்தம் வரும், திரை ஒரு துளி நடுங்கும். அவ்வளவுதான்.

அந்த விண்வெளிப் படத்துக்கு முதல் பாகம் எங்கள் ஊருக்கு வரவே இல்லை. நேராக இரண்டாம் பாகம். தமிழில் அதற்கு வைத்த பெயரைச் சொல்ல இப்போது வெட்கமாக இருக்கிறது. "அண்ணா, மொத பாகத்துல இன்னா நடந்துச்சி?" என்று கேட்டேன். அவரும் பார்த்ததில்லை. ஆனாலும் கேபினுக்குள் புரொஜெக்டர் விளக்கில் கார்பன் குச்சியை மாட்டிக்கொண்டே, தண்ணீர் தேடி ஏழு பேர் வேறு கிரகத்துக்குப் போனது, ஐந்து பேர் திரும்பினது, மிச்சம் இரண்டு பேரை மீட்க இப்போது போவது என்று ஒரு முழுக் கதை சொன்னார். எல்லாம் சொந்தச் சரக்கு.

வெள்ளிக்கிழமை மேட்னியை அண்ணனோடு கேபினில் நின்று, சின்ன ஜன்னல் வழியாகப் பார்த்தேன். அந்தக் கப்பலில் ஒரு மெக்கானிக் இருந்தான். தடியன், நல்ல நகைச்சுவைக்காரன், எனக்கு அவனைத்தான் பிடித்தது. கடைசியில் கப்பல் கிளம்பவேண்டுமென்றால் வெளியிலிருந்து ஒருவர் கதவின் கொக்கியைப் பிடித்திருக்கவேண்டும். அவன் பிடித்துக்கொள்கிறான். தலைக்கவசத்தின் கண்ணாடியில் ஒரு விரிசல். கப்பல் போய்விடுகிறது. அவன் கையாட்டிக்கொண்டு நிற்கிறான். திரையில் வணக்கம் போட்டுவிட்டார்கள்.

நான் அழுத அழுகை எனக்கு நினைவிருக்கிறது. ராத்திரி சோறு இறங்கவில்லை. "ஏன் யாரும் திரும்பிப் போவல? அவன் எல்லாருக்கும் நல்லதுதான செஞ்சான்?" என்று திரும்பத் திரும்பக் கேட்டேன். அப்பா போன மூன்றாவது மாதம் அது. வீட்டில் யாரும் அதைச் சொல்லவில்லை. எல்லாரும் சினிமாவைப் பற்றித்தான் பேசினார்கள்.

மறுநாள் மத்தியானம் அண்ணன் சைக்கிளோடு வந்து நின்றார். "வா, படத்துக்குப் போவலாம்" என்றார். வரமாட்டேன் என்றேன்.

"நீ நேத்து கடைசில தூங்கிட்டமா. முழுசா பாக்கல நீ."

"நான் தூங்கல."

"தூங்கின. என் மேல சாஞ்சிக்கினு தூங்கின. கப்பலு திரும்பி வந்துச்சி, நீ பாக்கல. சந்தேகமா இருந்தா வந்து பாரு."

போய்ப் பார்த்தேன். அதே கொக்கி, அதே விரிசல், கப்பல் போகிறது, அவன் கையாட்டுகிறான். டக். கப்பலின் கதவு திறக்கிறது. உள்ளேயிருந்து நாலு கைகள் அவனை இழுத்துப் போடுகின்றன. கேப்டன் அவன் தோளைப் பிடித்துக்கொண்டு, "வந்துட்டியா?" என்கிறான். அவன் சிரித்துக்கொண்டு, "வராம எங்க போவேன்?" என்கிறான். தியேட்டரே எழுந்து கை தட்டியது. நானும் தட்டினேன்.

வெளியே வரும்போது ஒரே ஒரு சந்தேகம் கேட்டேன். "அண்ணா, அவன் கண்ணாடியில விரிசலு இருந்துச்சே, உள்ள வரப்ப காணோமே?"

"கப்பல்ல ஸ்பேர் வெச்சிருப்பாங்கமா" என்றார் அண்ணன், கண் இமைக்காமல்.

மூன்று வாரம் ஓடியது அந்தப் படம். ஊரே பார்த்தது. எங்கள் ஊரில் அந்தக் கப்பல் தினமும் மூன்று காட்சி திரும்பி வந்தது.

3

அந்தச் சனிக்கிழமை, ஜெர்மனியில், கப்பல் திரும்பவில்லை.

மெக்கானிக் கையாட்டிக்கொண்டே நின்றான். பெயர்கள் ஓட ஆரம்பித்தன. "இரு, இன்னும் இருக்கு" என்றேன். பெயர்கள் ஓடி முடிந்தன. அடுத்த படத்துக்கு விளம்பரம் வந்தது.

"வெட்டிட்டானுங்க" என்றேன். "சுத்தம் பண்றேன்னு கடைசி சீனையே தூக்கிட்டானுங்க, பாவிங்க."

அனு போனை எடுத்துத் தேடினாள். அவளுக்கு எதையும் தேடித்தான் நம்பவேண்டும். "அப்படி ஒரு முடிவே கிடையாது அம்மா. எந்தப் பிரதியிலும் இல்லை. அவன் அங்கேயே செத்துப்போகிறான்" என்றாள் ஜெர்மனில்.

"நான் பாத்தேன். என் கண்ணால பாத்தேன். ஊரே பாத்துச்சி."

"உனக்கு அப்போது பதினொரு வயது. நீயே கற்பனை செய்திருப்பாய். மூளை அப்படிச் செய்யும்."

மூளையாம். எனக்குக் கோபம் தலைக்கேறிவிட்டது. இந்த நாட்டில் என்னைப் பேச்சுத் தெரியாதவள் என்று நினைத்தவர்கள் உண்டு. வந்த புதிதில் கணவரை இழந்த ஒரு வாடிக்கையாளர் அம்மாவுக்கு அனுதாபம் சொல்வதாக நினைத்து, மனமார்ந்த வாழ்த்துகள் என்று கை குலுக்கிவிட்டேன். அந்த மாதிரி அசிங்கமெல்லாம் பட்டாயிற்று. பெற்ற மகளும் அதையே நினைத்தால் எங்கே போய் முட்டிக்கொள்வது? வாய்க்கு வந்ததைச் சொன்னேன். அவள் அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

நான் விடவில்லை. படத்தைப் பின்னால் ஓட்டி முதலிலிருந்து தேடினேன். நாற்பதாவது நிமிடத்தில் கிடைத்தது. மெக்கானிக் வெளியே ஆன்டெனா ரிப்பேர் செய்துவிட்டு உள்ளே வருகிறான். கதவு திறக்கிறது, நாலு கைகள் இழுத்துப் போடுகின்றன, கேப்டன் தோளைப் பிடிக்கிறான். சாதாரண காட்சி, வெள்ளிக்கிழமை பார்த்தபோது என் மனதில் நிற்கவே இல்லை. அதிலே விரிசல் கிடையாது, ஏனென்றால் இன்னும் விரிசல் விழவே இல்லை. இங்கிலீஷில் கேப்டன் சொல்வது, "கதவை மூடு." மெக்கானிக் சொல்வது, "சரி." அவ்வளவுதான். தமிழ் வசனம் எழுதிய புண்ணியவான் யாரோ, வாயசைவுக்கு 'வந்துட்டியா', 'வராம எங்க போவேன்' என்று போட்டிருக்கிறார்.

வெள்ளிக்கிழமை ராத்திரி நான் அழுதுகொண்டு படுத்த பிறகு, சனிக்கிழமை மேட்னிக்குள், அண்ணன் நடுவிலிருந்து அந்த அரை நிமிடத்தை வெட்டிக் கடைசியில் ஒட்டியிருக்கிறார். படத்தைத் திருப்பி அனுப்பும்போது மறுபடி பழைய இடத்தில் வைத்து ஒட்டியிருப்பார். நான் தூங்கவே இல்லை. நாற்பது வருடத்துக்குக் கொஞ்சம் குறைவாக, நான் தூங்கிவிட்டேன் என்று நம்பிக்கொண்டிருந்திருக்கிறேன்.

சிரிப்பு வந்தது முதலில். அண்ணனுக்கு உடனே போன் போடவேண்டும் என்று கையில் எடுத்தேன். எடுத்ததும் சிரிப்பு நின்றுவிட்டது.

4

ஆறு வருடத்துக்கு முன்னால் எங்கள் அம்மா இறந்தாள். அப்போது நான் புதிதாக இந்தக் கடையில் சேர்ந்து, நிரந்தரம் ஆகுமா ஆகாதா என்று தெரியாத ஆறு மாதத்தில் இருந்தேன். "அம்மா எப்படியிருக்கு?" என்று தினம் கேட்பேன். "நல்லாருக்குது, இட்லி துன்னுச்சி, இப்ப தூங்கிக்கினு இருக்குது" என்பார் அண்ணன். ஒரு நாள் வீடியோ அனுப்பினார். அம்மா சிரிக்கிறாள், எதையோ மென்றுகொண்டு பேசுகிறாள். அதில் அவள் கறுப்பு பிரேம் போட்ட பழைய மூக்குக்கண்ணாடி போட்டிருந்தாள். நான் என் கையால் லென்ஸ் தேய்த்துப் புதுக் கண்ணாடி அனுப்பி நாலு மாதம் ஆகியிருந்தது. "ஏண்ணா பழசு போட்டுக்கினு இருக்கு?" என்று கேட்டேன்.

"புதுச எடுத்து வெச்சிருக்குதுமா. வெளிய போறப்பதான் போடுமாம்."

அதுவும் சரிதான் என்று நினைத்தேன். அம்மா அப்படிச் செய்கிறவள்தான். நாலாம் நாள் போய்விட்டாள். அது பழைய வீடியோ, ஒரு மாதமாகவே அவளுக்கு நினைவில்லை என்று பிறகு தெரிந்தது. காரியத்துக்கும் போகவில்லை, அண்ணனோடு ஒரு வருடம் பேசவில்லை. "என் அம்மாவ நான் பாக்க விடாம பண்ணிட்ட நீ" என்று கத்திவிட்டுப் போனை வைத்தவள்தான். அப்புறம் பேச்சு வந்தது, ஆனால் ஊருக்குப் போகவில்லை. கடைசியாகப் போய் ஒன்பது வருடம். வேலை, அனுவின் படிப்பு என்று எல்லாரிடமும் காரணம் சொல்வேன். கோபம்தான் காரணம்.

கையில் போனை வைத்துக்கொண்டு, அண்ணன் போன வாரம் அனுப்பியிருந்த வீடியோவைத் திறந்தேன். நாற்காலியில் உட்கார்ந்து, "சுகர் கொஞ்சம் ஏறிச்சி, இப்ப பரவால்ல. வரதராஜப் பெருமாள் கோயிலு வரைக்கும் நடக்கறேன்மா" என்கிறார். நல்ல முகம், மீசைக்கு மை. முன்பு ஒரு தடவை பார்த்து, சரி என்று விட்டுவிட்டேன். இப்போது பெரிதாக்கிப் பார்த்தேன். அவருக்குப் பின்னால் சுவரில் தினசரி காலண்டர். நாளுக்கு ஒரு தாள் கிழிக்கிற காலண்டர், டிசம்பரில் வற்றிப்போய் அட்டையோடு ஒட்டிக்கொண்டு இருக்கவேண்டும். வீடியோவில் அது கொழுகொழு என்று இருந்தது. பொங்கலுக்குக்கூட அவ்வளவு கனம் இருக்காது.

அண்ணிக்குப் போன் போட்டேன். குமாரி அண்ணி பொய் சொல்லத் தெரியாதவள். அதனால்தான் நான் கூப்பிடும்போது அண்ணன் அவளிடம் போனைக் கொடுக்கவே மாட்டார்.

"அண்ணி, அந்த வீடியோ எப்ப எடுத்தது?"

அந்தப் பக்கம் அழுகை.

"சொல்லக் கூடாதுன்னு என் தல மேல கை வெச்சி சத்தியம் வாங்கிட்டாரும்மா. ரெண்டு கிட்னியும் போய்டுச்சி. வாரத்துக்கு மூணு வாட்டி கொண்டுபோய் ரத்தம் சுத்தம் பண்ணிக்கினு வரோம். கண்ணும் செரியா தெரியல. நீ வேல செய்ற எடம், மனசு ஒடஞ்சிடுவன்னு... போன மாசமே ஆளு பாதியா பூட்டாரு."

"நான் வரேன்" என்றேன். "அவருகிட்ட சொல்லு. நான் வரேன்."

5

வரேன் என்று சொல்வது சுலபம். நான் மூன்று வருடத்துக்கு முன்னால் இந்த நாட்டுக் குடியுரிமை வாங்கியவள். என் பிறந்த ஊருக்குப் போக எனக்கு விசா வேண்டும். விசா வேண்டுமென்றால் பழைய இந்திய பாஸ்போர்ட்டை ஒப்படைத்த சான்றிதழ் வேண்டும். அதை நான் ஒப்படைக்கவே இல்லை. அலட்சியம் இல்லை. மனசு வரவில்லை. முதல் பக்கத்தில் நாற்பது வயதில் எடுத்த போட்டோ, பிறந்த இடம் காஞ்சிபுரம் என்று அச்சு. புது ஜெர்மன் பாஸ்போர்ட்டில் அந்த ஊர் யாரோ ஆளின் பெயர் மாதிரி இருந்தது. பழசை ஒரு பட்டுத்துணியில் சுற்றி இழுப்பறையில் வைத்துக்கொண்டேன். என்னைப் போல ஆசைப்பட்டு வைத்துக்கொண்ட இன்னும் இரண்டு பேரை எனக்குத் தெரியும். அது எங்கள் கூட்டத்தின் முட்டாள்தனம், வேறு யாரையும் குறை சொல்வதற்கில்லை.

படிவம் மேல் படிவம். போகும் காரணம் என்ற இடத்தில் சுற்றுலா, வணிகம், மாநாடு என்று கட்டங்கள் இருந்தன. அண்ணன் என்று கட்டம் இல்லை. சுற்றுலா என்று போட்டேன். பிள்ளையார்பாளையத்துக்குச் சுற்றுலா. கவுண்டரில் இருந்த பெண் நல்லவள்தான். "திருமதி கோவிந்தசாமி, பண்டிகை விடுமுறை வருகிறது, பொறுத்திருங்கள்" என்றாள். கோவிந்தசாமி என் அப்பா. இனிஷியல் இங்கே குடும்பப் பெயராகிவிட்டது. அப்பா போய் இத்தனை வருடம், இந்த ஊரில் மட்டும் அவரை தினம் ஒருமுறை கூப்பிட்டு ஏதாவது ஒன்று இல்லை என்று சொல்கிறார்கள்.

தினமும் மதியச் சாப்பாட்டு நேரத்தில் அண்ணனைக் கூப்பிட்டேன், ஊரில் அது சாயங்காலம். இனிமேல் மறைக்க ஒன்றுமில்லை என்றானதும் அண்ணிதான் போனைப் பிடித்துக்கொள்வாள். முகம் கறுத்து, கன்னம் ஒட்டி, அந்தத் தலையணையில் இருந்தது என் அண்ணன்தான் என்று நம்பக் கொஞ்ச நேரம் ஆகும்.

"அண்ணா, அந்தப் படத்தப் பாத்தேன். சுத்தம் பண்ணிப் போட்டிருக்காங்க."

"எந்தப் படம்?"

"கப்பலு படம். திரும்பி வரல."

அண்ணன் மூச்சு வாங்க வாங்கச் சிரித்தார். "ஏம்மா அத போய்ப் பாத்த? நல்லா இருந்துச்சே நான் போட்டது."

"நான் தூங்கலதான அன்னிக்கி?"

"நீ எங்க தூங்கின. தேம்பி தேம்பி அழுதுக்கினு இருந்த. மொதலாளிக்கி தெரிஞ்சிருந்தா வேல போயிருக்கும். அப்புறம் அவரே பாத்துட்டு, இன்னாடா ஏகா, நேத்தவிட இன்னிக்கி நல்லாருக்குதேன்றாரு." சிரித்து முடித்ததும் கேட்டார். "எப்பமா வர?"

"வந்துக்கினே இருக்கேண்ணா."

அதே கேள்வி மறுநாள். அதற்கு மறுநாள். தேதி மறந்துவிடுகிறார், முந்தின நாள் கேட்டது நினைவில்லை. ஆனால் கேட்கும்போது முகத்தில் வருகிற வெளிச்சம் ஒவ்வொரு நாளும் புதுசு. நான் இல்லை என்று சொன்னால் அது அணைகிறது. ஒன்பதாம் நாள் என்னால் முடியவில்லை.

அனுவின் கதவைத் தட்டினேன். சண்டைக்குப் பிறகு இரண்டு வார்த்தைக்கு மேல் நாங்கள் பேசியிருக்கவில்லை. ஒன்பது வருடத்துக்கு முந்தைய வீடியோவைக் காட்டினேன். சென்னை விமான நிலையத்தில் நான் தள்ளுவண்டியோடு வெளியே வருகிறேன், கையாட்டுகிறேன், பக்கத்தில் எட்டு வயது அனு. "நீ இல்லாம, நான் வர்றது மட்டும் வெட்டிக் குடு" என்றேன்.

எதற்கு என்று கேட்டாள். சொன்னேன். என் அப்பா செத்த வருடம், கப்பல், பாட்டியின் கண்ணாடி, காலண்டர், எல்லாவற்றையும் சொன்னேன். முதல் தடவையாக அவள் குறுக்கே பேசவில்லை.

"அம்மா, அது பொய்" என்றாள். தமிழில் சொன்னாள்.

"பொய்தான். வெட்டு."

மூன்று நிமிடத்தில் வெட்டிக் கொடுத்தாள். அவள் விரல் போகிற வேகத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். அண்ணிக்கு அனுப்பி, அவரிடம் காட்டச் சொன்னேன். பிறகு கூப்பிட்டேன்.

"வந்துட்டியா?" என்றார் அண்ணன்.

"வராம எங்க போவேன்?" என்றேன்.

"மெட்ராசுல எறங்கிட்டியா?"

"எறங்கிட்டேண்ணா."

அண்ணியின் போனைக் கண்ணுக்கு மிக அருகில் வைத்துக்கொண்டு அவர் மறுபடி அதை ஓட்டுவது தெரிந்தது. ஒருமுறை. இரண்டுமுறை. கண் சரியாகத் தெரியாதவர் என்று நினைத்துத்தான் அனுப்பினேன்.

"ஜாயிண்ட் தெரியுதும்மா" என்றார்.

நான் அனுவைத் திரும்பிப் பார்த்தேன்.

"ஓரத்துல ஒரு கட்டைவெரலு வருது பாரு. அது என்னுது. நான்தான எடுத்தேன் அத. உன் தலையும் ஒண்ணுகூட நரைக்கல." மூச்சு வாங்கினார். திட்டுவார் என்று காத்திருந்தேன். "பரவால்ல. நல்லாத்தான் ஒட்டிக்கிற. குமாரி, இன்னொரு வாட்டி போடு."

6

விசா அதற்கு எட்டாம் நாள் வந்தது. அன்று சாயங்காலமே கிளம்பினேன். அனு விமான நிலையம் வரை வந்தாள். வழியனுப்பும்போது வீடியோ எடுக்கட்டுமா என்று கேட்டாள். வேண்டாம் என்றேன். அண்ணனைச் சென்னையில் ஒரு ஆஸ்பத்திரியில் சேர்த்து ஆறு நாள் ஆகியிருந்தது. நான் வானத்தில் இருந்தபோது அவர் போய்விட்டார். இறங்கிப் போனைப் போட்டதும் அண்ணியின் குரல், "நேரா வீட்டுக்கு வந்துடும்மா, ஆஸ்பத்திரிக்கு வேணாம்." அதற்கு மேல் சொல்லத் தேவை இல்லை.

வெளியே வந்தேன், தள்ளுவண்டியோடு. அந்த வீடியோவில் வந்த அதே வாசல். எனக்குக் கையாட்ட யாரும் இல்லை.

பிள்ளையார்பாளையத்தில் பந்தல் போட்டிருந்தார்கள். கண்ணாடிப் பெட்டிக்குள் அண்ணன். மீசைக்கு மை பூசியிருந்தார்கள், அவர் மீசை விஷயத்தில் கறார் என்று தெருவுக்கே தெரியும். குனிந்து, "வந்துட்டேண்ணா" என்றேன். நாலு பேர் இருக்கிறார்களே என்றுகூடப் பார்க்காமல் ஓவென்று அழுதேன். எனக்கே என் குரல் அந்நியமாக இருந்தது. இருபது வருடமாக நான் அப்படி அழுததில்லை. ஜெர்மனியில் சுவர் மெல்லிசு, பக்கத்து வீட்டுக்காரர் புகார் கொடுத்துவிடுவார்.

எதிர்வீட்டு ருக்மணி அக்கா வந்து என் தோளை அணைத்துக்கொண்டாள். எனக்குத் தலை பின்னிவிட்டவள். இப்போது முதுகு கூனிவிட்டது.

"அழுவாதமா. நேரத்துக்கு வந்துட்டியே, அது போதும்" என்றாள்.

நான் நிமிர்ந்து பார்த்தேன்.

"போன்ல எல்லாருக்கும் போட்டுக் காமிச்சாரும்மா. என் தங்கச்சி வந்துட்டா, மெட்ராசுல எறங்கிட்டா, இனிமே அவ பாத்துக்குவான்னு. பாக்க வந்தவங்க ஒருத்தர விடல. ஆஸ்பத்திரிக்கி கார்ல ஏத்தறப்பகூட, தங்கச்சி அங்க இருக்குதுன்னு சிரிச்சிக்கினே போனாரு. நீ பக்கத்துல இருந்து அனுப்பி வெச்சியே, எந்தத் தங்கச்சி செய்யும் இந்தக் காலத்துல?"

சுற்றி இருந்த பெண்கள் ஆமாம் என்று தலையாட்டினார்கள். ஒருத்தி மூக்கைச் சிந்தினாள். அண்ணி பெட்டியின் அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்தாள். பொய் சொல்லத் தெரியாத என் அண்ணி என்னைப் பார்த்தாள், பிறகு தலையைக் குனிந்துகொண்டு தரையைப் பார்த்தாள்.

இல்லை அக்கா, நான் இப்போதுதான் வருகிறேன், என் பெட்டியில் இன்னும் விமானத்துச் சீட்டு ஒட்டியிருக்கிறது பாருங்கள் என்று சொல்லியிருக்கலாம். வாய்வரை வந்தது. மெக்கானிக்கின் கண்ணாடியில் விரிசல் எங்கே போனது என்று அந்தத் தியேட்டரில் என்னைத் தவிர யாரும் கேட்கவில்லை. என் பெட்டியில் ஒட்டியிருந்த சீட்டையும் யாரும் பார்க்கவில்லை.

"ஆமாங்க்கா" என்றேன்.

காரியம் முடிந்து நான் திரும்பி வந்து இரண்டு மாதம் ஆகிறது. அனு தினமும் ஒருமுறை அறையிலிருந்து வெளியே வந்து மாமாவைப் பற்றி ஏதாவது கேட்கிறாள். ஜெர்மனில்தான் கேட்கிறாள். எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன். எனக்குத் தெரியாதது ஒன்றுதான், அண்ணன் கடைசியாக என்ன கேட்டார் என்பது. அண்ணியிடம் கேட்கத் தைரியம் வரவில்லை. கேட்டால் அவள் உண்மையைச் சொல்லிவிடுவாள். பிள்ளையார்பாளையத்தில் வேறு யாரைக் கேட்டாலும் நான் நேரத்துக்கு வந்துவிட்டேன் என்றுதான் சொல்வார்கள்.